3 × √5 ஏன் √15 ஆகாது?

கேள்வி இதுதான்: 3-ஐ √5-ஆல் பெருக்கினால் √15 வருமா, √45 வருமா, இல்லை 3√5 என்று பக்கத்தில் பக்கத்தில் எழுதிவிட்டு அப்படியே நிறுத்திக்கொள்ள வேண்டுமா? விடைப்பக்கத்தில் 3√5 என்றுதான் போட்டிருக்கிறது, ஆனால் அதைப் பார்த்தால் பெருக்கியது போலவே தெரியவில்லையே, கணக்கு பாதியில் நிற்பது போல் இருக்கிறதே என்கிறீர்கள். நியாயமான சந்தேகம்தான். 3 × 7 என்றால் 21 என்று ஒரே எண்ணாக வந்து நிற்கும். இங்கே மட்டும் பெருக்கல் குறியை அழித்துவிட்டு இதுதான் விடை என்றால் யாருக்கும் ஏமாற்றுவேலை போலத்தான் படும்.

முதலில் விடையைச் சொல்லிவிடுகிறேன். 3√5 சரி. √45 என்பதும் சரி, இரண்டும் ஒரே எண்தான். √15 தப்பு. கால்குலேட்டரில் போட்டுப் பாருங்கள்: √5 என்பது ஏறத்தாழ 2.236, அதன் மூன்று மடங்கு 6.708, √45-உம் 6.708, √15 வெறும் 3.873. ஆக யார் சரி யார் தப்பு என்பதில் தகராறு இல்லை. ஏன் அப்படி என்பதில்தான் விஷயம் இருக்கிறது, அதை மனப்பாடமாக இல்லாமல் கண்ணால் பார்த்துவிட்டால் அப்புறம் வாழ்நாளில் குழப்பம் வராது.

ஒரு தாள் எடுத்துக்கொள்ளுங்கள். பரப்பளவு 5 உள்ள ஒரு சதுரம் வரையுங்கள், அளவு துல்லியமாக இருக்க வேண்டிய அவசியமில்லை, 5 என்று நடுவில் எழுதினால் போதும். அதன் பக்கம் எவ்வளவு? √5. வர்க்கமூலம் என்ற சொல்லுக்கே அதுதான் பொருள்: இவ்வளவு பரப்புள்ள சதுரத்தின் பக்கம் என்ன என்ற கேள்விக்கான பதில். இப்போது அதே மாதிரி இன்னும் இரண்டு சதுரங்களை அதை ஒட்டி வரிசையாக வரையுங்கள். அடிக்கோட்டின் மொத்த நீளம் மூன்று √5, அதாவது 3√5. இந்த நீளத்தைப் பக்கமாக வைத்து ஒரு பெரிய சதுரம் கட்ட வேண்டுமென்றால் என்ன செய்வீர்கள்? ஒரு வரிசை போதாது, அதன் மேல் இன்னும் இரண்டு வரிசை அடுக்க வேண்டும். எண்ணிப் பாருங்கள், மூன்று வரிசை, வரிசைக்கு மூன்று, ஆக ஒன்பது சிறிய சதுரங்கள். ஒவ்வொன்றும் 5. பெரிய சதுரத்தின் பரப்பு 45, அதன் பக்கம் √45. ஆனால் அதே பக்கத்தை அடியில் பார்த்தால் 3√5. முடிந்தது. வெளியே 3 ஆக நின்றது உள்ளே போகும்போது 9 ஆகத்தான் போக முடியும் என்பது யாரோ போட்ட விதி இல்லை, அந்த ஒன்பது கட்டங்கள்தான்.

சரி, √15 எங்கிருந்து வந்தது? அதுவும் சும்மா வரவில்லை, அது வேறொரு கேள்விக்கான விடை. பரப்பை மூன்று மடங்காக்கினால் பக்கம் என்ன ஆகும் என்று கேட்டிருந்தால் √15 சரியான பதில். நீங்கள் கேட்டது பக்கத்தை மூன்று மடங்காக்குவது. பெரும்பாலான மாணவர்கள் தடுக்கி விழும் இடம் இதுதான், பக்கமும் பரப்பும் ஒரே வேகத்தில் வளரும் என்று மனம் தானாக நினைத்துக்கொள்கிறது.

நகல் எடுக்கும் இயந்திரத்தில் ஏ4 தாளை ஏ3 ஆகப் பெரிதாக்கும்போது 141% என்று காட்டும், கவனித்திருக்கிறீர்களா? ஏ3 என்பது ஏ4-ஐப் போல இரண்டு மடங்கு பரப்பு, அப்படியென்றால் 200% என்றுதானே வர வேண்டும் என்று தோன்றும். அந்தச் சதவீதம் பக்கத்துக்கு உரியது. 210 மில்லிமீட்டர் அகலம் 297 ஆகிறது, 297 நீளம் 420 ஆகிறது. பக்கம் √2 மடங்கு, பரப்பு 2 மடங்கு. உண்மையிலேயே 200% வைத்தால் 420-க்கு 594, அது ஏ2, நான்கு ஏ4 தாள்களின் பரப்பு. பக்கத்தை முழுசாக 2 மடங்காக்க வேண்டுமென்றால் பரப்பு 4 மடங்காகியே தீரும். 3√5 கணக்கும் இதே கதைதான்.

எழுத்தில் காட்டச் சொன்னால் ஒரு வரி போதும். 3 = √9, அதனால் 3 × √5 = √9 × √5 = √45. இரண்டு மூலங்களைப் பெருக்கும்போது மட்டும்தான் உள்ளே இருப்பதை உள்ளே இருப்பதோடு பெருக்கலாம். 3 என்பது ரூட் போட்ட எண் இல்லை, வெளியாள், அதனால் அதை முதலில் √9 என்று உடைமாற்றிக்கொண்டுதான் உள்ளே அனுப்ப முடியும்.

இப்போது உங்கள் இரண்டாவது சந்தேகம், 3√5 என்பது முடிந்த விடையா. முடிந்த விடைதான். அதைச் செய்யாமல் விட்ட பெருக்கலாகப் பார்க்காதீர்கள், மூன்று √5 என்று படியுங்கள். மூன்று மீட்டர், மூன்று டஜன் என்பது போல √5 இங்கே ஓர் அலகு மாதிரி, 3 அதன் எண்ணிக்கை. அதனால்தான் 4 × 3√5 என்று கேட்டால் 12√5 என்று கண்ணை மூடிக்கொண்டு எழுதலாம்: மூன்றாக இருந்தது நான்கு தடவை, பன்னிரண்டு. 3√5 + 4√5 = 7√5 என்பதற்கும் அதே காரணம். 3√5 + 4√2 என்று வந்தால் கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதுதான், அலகு வேறு வேறு. அடைப்புக்குறி இருந்தால் வழக்கம்போல இரண்டையும் பெருக்க வேண்டும், 3(2 + √5) = 6 + 3√5, இதில் புதிதாக ஒன்றும் இல்லை.

உள்ளே அனுப்புவது ஒரு திசை. பள்ளிக் கணக்குகளில் அதிகம் கேட்பது எதிர்த்திசை, உள்ளே இருப்பதை வெளியே எடுத்துச் சுருக்குவது. √72 என்று இருந்தால் 72-க்குள் ஒளிந்திருக்கும் வர்க்க எண்ணைத் தேட வேண்டும். 36 × 2 என்று உடனே கண்ணில் பட்டால் 6√2, வேலை முடிந்தது. படவில்லை என்றாலும் குற்றமில்லை, 9 × 8 என்று பிரித்தால் 3√8 வரும், அந்த 8-க்குள் இன்னும் ஒரு 4 இருக்கிறது, அது 2 ஆக வெளியே வரும், 3 × 2√2 = 6√2. இந்த இரண்டாவது படியில் நான் படிக்கும் காலத்தில் ஒரு தேர்வு முழுக்க 3-ஐயும் 2-ஐயும் கூட்டி 5√2, 5√2 என்று எழுதிக்கொண்டே போயிருக்கிறேன். வெளியே ஏற்கெனவே ஒருவர் நிற்கிறார், இன்னொருவர் வந்து சேர்கிறார், சேர்ந்தால் கூட்டல்தானே என்ற நினைப்பு. வெளியே நிற்பவை எல்லாம் பெருக்கலால் கட்டப்பட்டவை, வருகிறவரும் பெருக்கலாகத்தான் சேர முடியும். அன்று ஒரே ஒரு தடவை 5√2-ஐத் திரும்ப உள்ளே அனுப்பிப் பார்த்திருந்தால் 25 × 2 = 50 என்று வந்து, 72 எங்கே போயிற்று என்று விழித்திருப்பேன். இதைச் சரிபார்க்கும் வழியாகவே பழகிக்கொள்ளுங்கள், விடையைத் திரும்ப உள்ளே அனுப்ப ஐந்து விநாடி ஆகாது.

முன்னாலேயே வெளியே எண் இருந்தாலும் முறை மாறாது. 2√540 என்றால் 540 = 36 × 15, 36 வெளியே 6 ஆக வரும், இருக்கிற 2-ஓடு பெருக்கினால் 12√15. பெரிய எண்ணாக இருந்து வர்க்கம் எதுவும் தோன்றவில்லை என்றால் பகாக் காரணிகளாக உடைத்து, ஜோடி ஜோடியாக வட்டம் போட்டு, ஜோடிக்கு ஒருவரை வெளியே விடுங்கள். மெதுவான வழி, ஆனால் தப்பே வராது.

(3√5)² எவ்வளவு என்று கேட்டால் 15 என்றும் 225 என்றும் பதில் வரும். 3-ஐ வர்க்கம் செய்ய மறந்தால் 15, √5-இன் வர்க்கம் 5 என்பதை மறந்து 25 என்று போட்டால் 225. சரியான விடை 45, மேலே வரைந்த பெரிய சதுரத்தின் பரப்பேதான்.

ரூட் குறிக்கு மேலே இழுக்கும் கூரைக் கோட்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. √ என்ற குறி 1525-இல் கிறிஸ்டோஃப் ருடால்ஃப் எழுதிய இயற்கணிதப் புத்தகத்தில் அச்சில் வந்தது, ஆனால் அதற்கு மேலே நீண்டு போகும் கோடு கிடையாது. 1637-இல் டெகார்ட் தன் வடிவியல் நூலில் அந்தக் கோட்டைச் சேர்த்து எழுதினார். நாம் அதை அழகுக்கு இழுப்பது போல நினைத்து பாதியில் விட்டுவிடுகிறோம், ஆனால் அது உண்மையில் ஓர் அடைப்புக்குறி, எதுவரை ரூட்டுக்குள் இருக்கிறது என்று சொல்வது அதுதான். 4 + 5 முழுவதும் கூரைக்குள் இருந்தால் 3√(4 + 5) = 3 × 3 = 9. கூரை 4-உடன் முடிந்துவிட்டால் 3 × 2 + 5 = 11. பேனா அரை அங்குலம் முன்னாலேயே நின்றதற்கு இரண்டு மதிப்பு வித்தியாசம். அப்புறம் இங்கே 3-ஐ உள்ளே அனுப்பினால் 9 ஆகி உள்ளே இருக்கும் இரண்டு எண்களையும் பெருக்க வேண்டும்: √(36 + 45) = √81 = 9, பொருந்துகிறது. முதல் எண்ணை மட்டும் பெருக்கி √(36 + 5) என்று நிறுத்தினால் √41, கணக்கு கெட்டது.

கையெழுத்துச் சிக்கல் இன்னொன்றும் உண்டு. 3√5 எழுதும்போது 3-ஐக் கொஞ்சம் சின்னதாக, ரூட் குறியின் கொக்கிக்குள் ஒட்டினாற்போல் எழுதிவிட்டால் அது 5-இன் கனமூலம் ஆகிவிடும், மதிப்பு 1.71. எழுதியவருக்கே ரெண்டு வரி தள்ளிப் படிக்கும்போது எது என்று தெரியாது. 3-ஐ முழு உயரத்தில், கொஞ்சம் இடைவெளி விட்டு எழுதுங்கள். நிஜமாகவே கனமூலம் வந்தால் உள்ளே போகும் விலை கூடும், வர்க்கம் போதாது, கனம் வேண்டும்: 5-இன் கனமூலத்தை 2-ஆல் பெருக்கினால் 8 × 5, அதாவது 40-இன் கனமூலம்.

குறை எண்ணைப் பற்றி யாரும் நின்று சொல்வதில்லை, ஆனால் அங்கேதான் பெரிய வகுப்புப் பிள்ளைகள் கூட மாட்டிக்கொள்கிறார்கள். −3√2 என்று இருக்கிறது. வெளியே நிற்பதை வர்க்கமாக்கி உள்ளே அனுப்பு என்ற விதியை அப்படியே பிடித்துக்கொண்டால் (−3)² = 9, 9 × 2 = 18, ஆக √18. கொஞ்சம் நில்லுங்கள். −3√2 ஏறத்தாழ −4.243, √18 ஏறத்தாழ +4.243. குறைக் குறி எங்கே போயிற்று? வர்க்கம் செய்தபோது கரைந்துபோனது. √ என்ற குறி எப்போதும் குறை இல்லாத மூலத்தையே குறிக்கும், அதனால் உள்ளே போன குறைக் குறியை அது திருப்பித் தராது. 3-ஐ மட்டும் உள்ளே அனுப்பி, குறியை வாசலிலேயே நிறுத்த வேண்டும்: −3√2 = −√18. வெளியே எண்ணுக்குப் பதிலாக ஒரு மாறி நிற்கும்போது இது இன்னும் மோசம், ஏனென்றால் அது மிகையா குறையா என்று பார்த்தால் தெரியாது. ‘அ’ என்ற மாறியைப் போட்டு அ√3 = √(3அ²) என்று எழுதினால் அது அ குறை எண்ணாக இல்லாதவரைதான் செல்லும். அ = −4 என்று வையுங்கள்; வலப்பக்கம் √48, அதாவது +4√3; இடப்பக்கம் −4√3. மூலம் வரும் சமன்பாடுகளில் இரண்டு பக்கமும் வர்க்கம் செய்து தீர்த்த பிறகு, கிடைத்த விடையைத் திரும்பப் போட்டுப் பார் என்று வற்புறுத்துவது இந்த ஓட்டைக்காகத்தான்.

தசமத்தில் எழுதினால் என்ன, 6.708 என்று தெளிவாக ஓர் எண் இருக்கிறதே என்று கேட்கலாம். அளந்து வெட்டும் வேலை என்றால் தசமம்தான் வேண்டும், ரம்பத்துக்கு ரூட் தெரியாது. ஆனால் கணக்கின் நடுவில் தசமமாக்கிவிட்டால், அதில் இருக்கும் சின்னப் பிழை முழு எண்ணோடு சேர்ந்து பெருகும். √2-ஐ 1.41 என்று எடுத்து 408-ஆல் பெருக்குங்கள், 575.28 வரும். 1.414 என்று எடுத்தால் 576.912. உண்மையான 408√2 ஏறத்தாழ 576.999. முதலில் வெட்டியெறிந்த 0.004 சொச்சம் கண்ணுக்கே தெரியாதது, 408 தடவை சேர்ந்ததும் கிட்டத்தட்ட 1.7 குறைந்துவிட்டது. அதனால் கடைசி வரி வரை 408√2 என்றே கொண்டுபோய், தேவைப்பட்டால் அங்கே மாற்றுங்கள்.

ஒரு மூலத்தை முழு எண்ணால் பெருக்கும் கணக்கு ஒன்று களிமண்ணிலேயே நம்மிடம் இருக்கிறது. யேல் பல்கலைக்கழகத்தின் பாபிலோனியத் தொகுப்பில் ஒய்.பி.சி. 7289 என்ற எண் போட்ட ஒரு வில்லை, உள்ளங்கையில் அடங்கிவிடும், கி.மு. 1800-க்கும் 1600-க்கும் இடைப்பட்டது என்கிறார்கள். அதில் ஒரு சதுரம், குறுக்கே மூலைவிட்டங்கள், பக்கத்தில் 30 என்று எழுத்து. மூலைவிட்டத்தின் மேல் 1, 24, 51, 10 என்ற அறுபதடிமான எண், அதாவது ஒவ்வோர் இடமும் முந்தைய இடத்தில் அறுபதில் ஒரு பங்கு. நம் முறையில் அது 1.41421296, உண்மையான √2-ஐவிட (1.41421356) ஒரு மயிரிழை குறைவு. அதற்குக் கீழே 42, 25, 35, அதாவது 42.42639. அதுதான் 30√2. அந்த எழுத்தர் இதைப் பெருக்க ரொம்பச் சிரமப்பட்டிருக்க மாட்டார் என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி: அறுபதை அடியாகக் கொண்ட முறையில் 30 என்பது பாதி மாதிரி, 1, 24, 51, 10-ஐப் பாதியாக்கினால் 42, 25, 35 வந்துவிடும், இடத்தை ஒன்று தள்ளிப் படித்தால் போதும்.

இங்கே ஒரு கேள்வி தானாக எழும். √2-ஐ ஏதோ ஒரு பெரிய முழு எண்ணால் பெருக்கினால் என்றாவது தசமம் எல்லாம் தீர்ந்து ஒரு முழு எண்ணாக வந்து நிற்காதா? 408-இல் 576.999 வரை வந்துவிட்டதே, இன்னும் கொஞ்சம் பெரிதாக எடுத்தால்? நிற்கவே நிற்காது (பூச்சியத்தால் பெருக்குவதை விட்டுவிடுங்கள்). அப்படி நின்றால், அந்த விடையின் வர்க்கம், பெருக்கிய எண்ணின் வர்க்கத்தைப் போல் சரியாக இரண்டு மடங்கு இருக்க வேண்டும். எந்த எண்ணின் வர்க்கத்தை உடைத்தாலும் அதில் 2 என்ற காரணி இரட்டைப்படையில்தான் இருக்கும்: 12-இல் இரண்டு 2, 144-இல் நான்கு, 7-இல் ஒன்றுமில்லை, 49-இலும் ஒன்றுமில்லை, பூச்சியமும் இரட்டைப்படைதான். இரண்டு மடங்காக்கினால் ஒரு 2 கூடுதலாகச் சேர்ந்து ஒற்றைப்படை ஆகிவிடும். ஒற்றைப்படையும் இரட்டைப்படையும் சமமாக முடியாது, ஆட்டம் முடிந்தது. 408-இல் எவ்வளவு நெருங்கியது என்று பார்க்க வேண்டுமா? 408² × 2 = 332928; 577² = 332929. ஒன்றே ஒன்று. 12√2-க்கும் 17-க்கும் இடையிலும் இதே கதை, 288-உம் 289-உம். ஒன்று வரை நெருங்கலாம், தொட முடியாது. √2 என்று இல்லை, உள்ளே இருப்பது முழு வர்க்கமாக இல்லாத எந்த முழு எண்ணானாலும் இப்படித்தான், அதனால்தான் 3√5-ஐ 21 போல ஒரே முழு எண்ணாக முடித்துக் காட்ட யாராலும் முடியாது.

இந்த உள்ளே அனுப்பும் வேலை கால்குலேட்டர் இல்லாத நேரத்தில் இரண்டு எண்களை ஒப்பிடவும் உதவும், தேர்வில் அடிக்கடி கேட்பார்கள். 4√3 பெரிதா 3√5 பெரிதா? பார்த்தால் ஒன்றில் வெளியே பெரிய எண், இன்னொன்றில் உள்ளே பெரிய எண், மனம் ஊசலாடும். உள்ளே அனுப்புங்கள்: √48, √45. 4√3 பெரிது. இதே வழியில் 7√3 பெரிதா 12 பெரிதா என்று நீங்களே ஒரு தடவை போட்டுப் பாருங்கள், வித்தியாசம் 3-தான் வரும், ரூட்டுக்குள்.